குளக்கரைப் பிரசங்கத்தில் ஒரு வரி

அந்த ஊரில் பிரசங்கியார் உட்கார்ந்துகொண்டு பேசுவார். ஊர் நின்றுகொண்டு கேட்கும். அந்தக் காலத்து வழக்கம் அப்படி. ஆலயம் புதிது, சுவரில் சுண்ணாம்பு வாசனை இன்னும் போகவில்லை. மதமே அந்த ஊருக்கு ஏறக்குறையப் புதிதுதான். தாத்தாக்கள் ஒளிந்து ஒளிந்து கும்பிட்டார்கள், பேரன்கள் முன்வரிசையில் இடம்பிடிக்க முழங்கையால் இடித்துக்கொண்டார்கள். பிரசங்கத்தில் நல்ல வாக்கியம் ஒன்று விழுந்தால் கூட்டம் பலமாகக் கைதட்டும். மூன்று மணி நேரம் நிற்கிற கால்களுக்கு அதுவும் ஒரு ஆறுதல்.

பிரசங்கியாரைத் தவிர உட்காரும் உரிமை இரண்டே பேருக்கு இருந்தது. அவர் நாற்காலிக்குக் கீழே ஒரு குட்டைப் பெஞ்சு. அதில் இரண்டு சுருக்கெழுத்தர்கள், மடியில் மெழுகு பூசிய பலகை, கையில் எழுத்தாணி. அச்சு கிடையாது, குரலைப் பிடித்து வைக்கும் கருவி கிடையாது. பெரியவர் வாயிலிருந்து விழுவதை விழுந்த வேகத்திலேயே பிடித்தாக வேண்டும். அதற்கென்று கோடும் கொக்கியும் புள்ளியுமாக சில ஆயிரம் குறிகள் இருந்தன. கற்றுக்கொள்ள ஏழு வருஷம் ஆகும், கட்டைவிரல் கெட்டுப்போக எட்டு வருஷம் ஆகும்.

இருவரில் மூத்தவருக்கு இடதுகைக்காரர் என்று பெயர். அவர் இடப்பக்கம் உட்காருவார், இளையவன் வலப்பக்கம். முழங்கை முட்டாது. ஒரு பலகையில் எழுபது சொல் கொள்ளும். பலகை நிரம்பப் போகிறது என்றால் காலால் பக்கத்துக் காலை இரண்டு தட்டு. தட்டு வாங்கியவர் உடனே தொடங்கிவிட வேண்டும், தட்டியவர் வாக்கியத்தை முடித்துவிட்டு அடுத்த பலகையை எடுத்து வைத்துக்கொண்டு கண்ணை மூடலாம். இப்படி ஒரு பிரசங்கத்துக்கு எண்பது பலகை, தொண்ணூறு பலகை. பதினான்கு வருஷமாக இதே பெஞ்சு, இதே தட்டு.

ஊருக்குத் தெரியாத ஒன்று இருக்கிறது. அந்த இருவரும் ஒரு பிரசங்கத்தைக்கூடக் கேட்டதில்லை. அர்த்தத்தைக் கேட்கப் போனால் கை நின்றுவிடும். காதில் நுழைந்தது மனசைத் தொடாமல் கைக்குப் போய்விட வேண்டும், அதுதான் தொழில். "இன்னைக்கு என்ன பேசினாரு?" என்று வெளியே யாராவது கேட்டால் இருவரும் திருதிருவென்று விழிப்பார்கள். இப்படிப் பக்தி இல்லாத இரண்டு காதுகளை நம்பித்தான் அந்தப் பிரசங்கங்கள் எல்லாம் கடல் தாண்டிப் போய்க்கொண்டிருந்தன.

இளையவனுக்கு ஒரு குழந்தை பிறந்தது. கல்யாணமாகி ஒன்பது வருஷம் கழித்துப் பிறந்த ஆண் குழந்தை. பிறந்த மூன்றாம் நாளே சின்னக் குருவானவர் வீட்டுக்கு வந்து, "ஞானஸ்நானம் கொடுத்துடலாமா? குழந்தை கொஞ்சம் சோர்ந்து இருக்கே" என்று கேட்டார். அவனுக்கு மனசில்லை. பிரசங்கியார் ஏதோ ஒரு சங்கத்துக்கு வெளியூர் போயிருந்தார். பிதா பெரியவரா குமாரன் பெரியவரா என்று அங்கே இருநூறு பேர் கூடித் தீர்மானித்துக்கொண்டிருந்தார்கள். பத்து நாளில் வந்துவிடுவதாகச் சொல்லியிருந்தார்.

"எங்க ஐயா வரட்டும்" என்றான் அவன். "பதினாலு வருஷமா அவரு காலடியில உக்காந்திருக்கேன். என் பிள்ளைக்கு அவரு கையாலதான் தண்ணி ஊத்தணும்."

பெருமைதான், வேறென்ன. ஊரில் யாருக்கும் இல்லாத பெருமை அவனுக்கு மட்டும் இருந்தது, அதை ஒருமுறையாவது நாலு பேர் பார்க்கச் செலவு செய்ய ஆசைப்பட்டான். சங்கத்தில் தீர்மானம் வரவில்லை, பத்து நாள் எழுபது நாளாயிற்று. குழந்தை பதினோரு நாள் இருந்தது. பதினோராம் நாள் விடியற்காலையில் காய்ச்சல் கண்டு, சின்னக் குருவானவரைக் கூப்பிட ஓடிய அவன் தெருமுனை திரும்புவதற்குள் போய்விட்டது.

புதைத்துவிட்டு மத்தியானம் வீட்டுக்கு வந்தவன் வாசல் நிலையில் நெற்றியை மோதிக்கொண்டான். ஒரு தடவை இல்லை, நான்கு தடவை. மனைவி ஓடிவந்து நிலைக்கும் அவன் நெற்றிக்கும் நடுவில் உள்ளங்கையை வைத்தாள். அவள் மார்பில் துணியை இறுக்கிக் கட்டியிருந்தாள். பால் இன்னும் நிற்கவில்லை.

"விடுங்க" என்றாள். "தண்ணிதான் வரத் தாமதமாச்சு. கடவுளுக்குமா தாமதமாகும்? அவரு நம்மள மாதிரி யாரு கைக்காகவும் காத்துக்கிட்டு இருக்க மாட்டாரு. பிள்ளைகிட்ட வந்திருப்பாரு."

கடைசி ஆயுதம் கையிலிருந்து நழுவியவன் மாதிரி அவன் அங்கேயே உட்கார்ந்து அழுதான். அந்தப் பேச்சுதான் அவனை அடுத்த இரண்டு மாசம் நடமாட வைத்தது. காலையில் எழுந்து பலகைக்கு மெழுகு பூசும்போதும் அதை முணுமுணுத்துக்கொள்வான்.

பிறகு பிரசங்கியார் திரும்பி வந்தார். வந்த இரண்டாவது ஞாயிற்றுக்கிழமை கோபமாகப் பேசினார். கோபம் ஊர்ப் பணக்காரர்கள் மேல். அவர்கள் ஞானஸ்நானத்தைத் தள்ளிப்போட்டுக்கொண்டே வருவார்கள், ஆட்டம் எல்லாம் ஆடி முடித்துவிட்டுச் சாகிற நாளில் ஒரேயடியாகக் கழுவிக்கொள்ளலாம் என்ற கெட்டிக்காரத்தனம். "உள்ளே வர ஒரே வாசல். அந்த வாசல் தண்ணீர். தாண்டாதவன் வெளியேதான் நிற்பான், அவன் யாராயிருந்தாலும்" என்று நாற்காலிக் கையில் ஓங்கித் தட்டினார். பணக்காரர்கள் முதல் ஆளாகக் கைதட்டினார்கள். எழுத்தாணியும் கச்சிதமாக அதை எழுதிக்கொண்டது.

எழுதியவன் வீட்டுக்கு வந்து பார்த்தால் அடுப்பு எரியவில்லை. மனைவி சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். பெண்கள் பக்கத்தில் நின்று அவள் கேட்டிருக்கிறாள். பக்கத்து வீட்டு அக்காதான் கையைப் பிடித்து அழைத்து வந்து விட்டிருக்கிறாள்.

"கேட்டீங்களா?" என்றாள்.

"எதை?"

அவளுக்குச் சிரிப்பே வந்துவிட்டது, அப்படி ஒரு சிரிப்பு. "நீங்கதானே எழுதினீங்க? என் பிள்ளை வெளிய நிக்கிறான்னு சொன்னாரு."

"அது பணக்காரங்களைச் சொன்னது."

"யாராயிருந்தாலும்னாரு."

"அன்னைக்கு நீயே சொன்னியே, கடவுளுக்குத் தாமதம் ஆகாதுன்னு..."

"வாய்க்கு வந்ததைச் சொன்னேன். நீங்க மண்டையை உடைச்சுக்குவீங்களேன்னு பயந்துக்கிட்டுச் சொன்னேன். எனக்கு என்ன தெரியும்? நான் படிச்சவளா? தெரிஞ்சவரு அவரு. அவரைக் கேளுங்க. பதினோரு நாள் பிள்ளை எங்க இருக்குன்னு கேட்டுட்டு வாங்க."

"நாளைக்குக் கேக்கறேன்."

அந்த 'நாளை' வரவேயில்லை. கேட்பது பெரிய காரியமா என்றால், இல்லைதான். ஆனால் கேட்டால், ஏன் சின்னக் குருவானவரைக் கொண்டு முடிக்கவில்லை என்று அவர் கேட்பார். உங்கள் கைக்காகக் காத்திருந்தேன் ஐயா என்று சொல்ல வேண்டும். அதைக்கூடச் சொல்லிவிடலாம். சொல்லிவிட்டு அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டு பதிலுக்கு நிற்க வேண்டுமே. 'இல்லை' என்று ஒரு சொல் வந்துவிட்டால் அதற்கு மேல் கேட்க உலகத்தில் ஆள் கிடையாது. கேட்காத வரைக்கும் குழந்தைக்கு வாசல் பாதியாவது திறந்திருந்தது.

அவள் தினமும் கேட்டாள், பிறகு வாரத்துக்கு ஒருமுறை கேட்டாள், பிறகு கேட்பதை நிறுத்திவிட்டாள். ஆலயத்துக்கு வருவதையும் நிறுத்தினாள். ரொட்டியைப் பிய்த்துப் பிய்த்துத் தட்டிலேயே வைத்துவிட்டு எழுந்துவிடுவாள். தலை வாரி எத்தனை நாளாயிற்று என்று அவனுக்கே தெரியாது. ராத்திரியெல்லாம் அவள் வீட்டுக்குள் நடந்துகொண்டிருப்பது கேட்கும், அவனும் விழித்துக்கொண்டே படுத்திருப்பான். பகலில் ஒருவருக்கொருவர் தூங்கினாயா என்று கேட்டுக்கொள்வதில்லை.

அப்படித் தூங்காத ஒரு ஞாயிற்றுக்கிழமை. வெயில் காலம். ஆலயத்துக்குள் வியர்வை நாற்றமும் விளக்கெண்ணெய்ப் புகையும். பிரசங்கியார் குளக்கரையில் கிடந்த நோயாளியைப் பற்றிப் பேசினார். தண்ணீர் கலங்கும்போது முதலில் இறங்குகிறவனுக்குக் குணமாகும் என்று முப்பத்தெட்டு வருஷம் காத்துக் கிடந்தவன், இறக்கிவிட ஆள் இல்லாதவன். ஐம்பதாவது பலகையோ என்னவோ, இடதுகைக்காரர் இரண்டு தட்டுத் தட்டினார். தட்டிவிட்டு வழக்கம்போலக் கண்ணை மூடிக்கொண்டார்.

இவன் கண் அதற்கு முன்பே மூடியிருந்தது.

கைதட்டல் சத்தம் கேட்டு விழித்தான். சாதாரணக் கைதட்டல் இல்லை, தூணெல்லாம் அதிர்கிற கைதட்டல். மடியில் பலகை. பலகையில் ஒரே ஒரு நீளக் கோடு, கை சரிந்தபோது விழுந்தது. மற்றபடி மெழுகு பளபளவென்று சுத்தமாக இருந்தது. பிரசங்கியார் தண்ணீர் குடித்துவிட்டு வேறு விஷயத்துக்குப் போய்க்கொண்டிருந்தார். இவன் அந்தப் பலகையை அடியில் செருகிவிட்டு அடுத்ததை எடுத்து எழுத ஆரம்பித்தான். பதினான்கு வருஷத்தில் ஒரு சொல்கூட விட்டதில்லை. விட்டது ஒரு பலகை, அதுவும் ஊரே கைதட்டிய பலகை.

பிரசங்கம் முடிந்ததும் வாசலில் நின்ற காவலாளியைப் பிடித்தான்.

"நடுவுல ஒரு இடத்துல பயங்கரமாத் தட்டினாங்களே, அப்ப ஐயா என்ன சொன்னாரு?"

"அருமையாச் சொன்னாரு" என்றார் காவலாளி.

"என்ன சொன்னாரு?"

"அதான் சொல்றேனே, அருமையா."

விளக்குக்கு எண்ணெய் ஊற்றுகிற அம்மாவைக் கேட்டான். "எல்லாரும் தட்டினாங்க, நானும் தட்டினேன்ப்பா" என்றாள் அவள். இன்னும் இரண்டு பேரைக் கேட்டான். ஒருவருக்கு அழுகை வந்ததாம், எதற்கென்று ஞாபகம் இல்லையாம்.

மத்தியானம் படியெடுக்கும் கூடத்தில் இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து குறிகளைப் பார்த்து முழு எழுத்தில் தாளில் எழுதினார்கள். எழுதி முடித்த பலகையை அவ்வப்போது தணலில் காட்டி, மெழுகை வழித்து மறுபடி பூசி வைப்பார்கள். நாளைக்கு அதே பலகைகள் வேண்டும். இடதுகைக்காரர் அந்த ஐம்பதாவது பலகையை முடித்துவிட்டு நிமிர்ந்தார்.

"அடுத்தது உன்னோடது தம்பி."

"ஆமாண்ணே."

"இருக்கா?"

"இருக்கு. ஏன்?"

"இல்ல, தட்டினப்ப உன் கால் கட்டை மாதிரி கிடந்துச்சு." அவர் தன் கட்டைவிரலை இன்னொரு கையால் நீவிக்கொண்டார். "நான் கேக்கல. என் பலகையோட என் வேலை முடிஞ்சுது. எழுது எழுது, சாயங்காலம் ஐயாவுக்குப் படிச்சுக் காட்டணும்."

அவன் வெறும் பலகையை முன்னால் வைத்துக்கொண்டு பார்த்தான். இடதுகைக்காரரின் கடைசி வாக்கியம் தாளில் இருந்தது: 'அந்த மனுஷன் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தான், அவனைத் தேடி வந்தவரை அவன் பார்க்கவில்லை.' அவ்வளவுதான். பிறகு பள்ளம். பள்ளத்துக்கு அந்தப் பக்கம் வேறு பேச்சு.

ஏதாவது ஒன்றை வைத்து மூட வேண்டும். பிரசங்கியாரின் நடை அவனுக்குத் தூக்கத்திலும் வரும். ஆனால் அன்றைக்கு மண்டையில் ஒன்றும் இல்லை. இரண்டு மாசம் மெழுகு பூசிக்கொண்டே முணுமுணுத்த ஒன்றைத் தவிர. எடுத்த எழுத்தாணியை வைத்துவிட்டு நாணல் பேனாவை மையில் தோய்த்தான். எழுதினான்.

'தண்ணீர் வரத் தாமதமாகலாம். கடவுள் தாமதமாக வருவதில்லை. மடியில் கிடக்கும் பிள்ளையிடம் வருவதற்கு அவர் எவருடைய கைக்காகவும் காத்திருப்பதில்லை.'

எழுதியபோது திருட்டு என்று தோன்றவில்லை. ஓட்டைக்கு மண் அப்புகிறோம் என்றுதான் தோன்றியது. மை காய்ந்த பிறகுதான் பயம் வந்தது, அதற்குள் இடதுகைக்காரர் தாளை உருவிக்கொண்டு போய் வரிசையில் அடுக்கிவிட்டார்.

சாயங்காலம் பிரசங்கியார் முன்னால் அவன் அதை வாசித்தான். தப்பு இருந்தால் அவர் நிறுத்தித் திருத்துவார், அதுதான் முறை. பாவம், அவருக்கு அன்றைக்குக் காலையில் பிரசங்கம், மத்தியானம் ஊர்ப் பஞ்சாயத்து. வரப்புச் சண்டை, சுவர்ச் சண்டை, மாமியார் சண்டை எல்லாம் அவரிடம்தான் வரும். கண் பார்வை மங்கி வருஷமாயிற்று. கால் வீக்கத்துக்கு வெந்நீர்த் தொட்டியில் காலை விட்டுக்கொண்டு, தலையைப் பின்னால் சாய்த்துக்கொண்டு கேட்டார். இவன் அந்த வரிக்கு வந்தான். வாசித்தான். நிறுத்தினான். அவரிடமிருந்து மெல்லிய குறட்டை வந்தது.

அவன் நிறுத்தியதில் குறட்டையும் நின்றது. "ம்... சரியா இருக்கு. மேல படி" என்றார்.

எழுதியவன் தூங்கினான், ஒப்புக்கொண்டவரும் தூங்கினார். மறுநாள் ஆறு பேர் உட்கார்ந்து ஆறு படி எடுத்தார்கள். அவர்களும் பாதித் தூக்கத்தில்தான் எடுத்திருப்பார்கள். படிகள் கப்பலிலும் வண்டியிலும் ஆறு ஊருக்குப் போயின.

எட்டு மாசம் கழித்து ஒரு கடிதம் வந்தது. வெளியூர்க் கடிதங்களைப் பிரசங்கியாருக்கு வாசித்துக் காட்டுவதும் அவன் வேலைதான். மலைப்பக்கத்து ஊர் ஒன்றில் இருக்கும் ஒரு குருவானவர் எழுதியிருந்தார். வழக்கமான நலம் விசாரிப்பு, வழக்கமான மழை இல்லாத குறை. பிறகு இப்படி: 'தங்கள் குளக்கரைப் பிரசங்கத்தை இங்கே மூன்று முறை வாசித்துவிட்டோம். இந்த வருஷம் காய்ச்சலில் எங்கள் ஊரில் பத்தொன்பது குழந்தைகள் போயின, பாதிக்கு மேல் ஞானஸ்நானம் பெறாதவை. தண்ணீர் வரத் தாமதமாகலாம், கடவுள் தாமதமாக வருவதில்லை என்று தாங்கள் சொன்னதை எங்கள் பெண்கள் மனப்பாடம் செய்திருக்கிறார்கள். புதைகுழியருகே அதைத்தான் சொல்கிறார்கள். அந்த வரி இல்லாவிட்டால் அவர்கள் முகத்தில் விழிக்க எனக்குத் தெம்பு இருந்திருக்காது.'

வாசிக்காமல் தாண்டியிருக்கலாம், அவருக்குத்தான் கண் தெரியாதே. ஆனால் பதினைந்து வருஷப் பழக்கம், வாய் அதுபாட்டுக்கு வாசித்துவிட்டது.

பிரசங்கியார் நிமிர்ந்து உட்கார்ந்தார். "நானா சொன்னேன் அப்படி?"

"பிரசங்கத்துல இருக்குங்க ஐயா."

"எடு அதை. படி."

அவன் அலமாரியிலிருந்து மூலப்படியை எடுத்து அந்த இடத்தை வாசித்தான். அவர் இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார். அவர் கை முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தது.

"கைதட்டினாங்களா?" என்று கேட்டார்.

"பயங்கரமாத் தட்டினாங்க ஐயா." அது உண்மை.

"எனக்கு ஞாபகமே இல்ல. எத்தனையோ பேசறேன், ஒண்ணும் நிக்கறதில்ல." அவர் குரல் ரொம்ப வயசாகிப்போனது மாதிரி இருந்தது. "நான் யோசிச்சா இது வந்திருக்காதுப்பா. நான் யோசிச்சா சட்டம்தான் வரும். இந்த ஒரு கேள்வியை வச்சுக்கிட்டு நாப்பது வருஷமா நான் தூங்காத நாள் உண்டு. எத்தனை தாய்மார் வந்து என் காலைப் பிடிச்சிருப்பாங்க! எனக்குத் தெரியலம்மான்னு சொல்ல வாய் வராம, சட்டத்தைச் சொல்லி அனுப்பியிருக்கேன். அன்னைக்கு யாரோ என் வாயில போட்டிருக்காங்க. அதான் எனக்கே தெரியல."

அவர் கண்ணிலிருந்து நீர் வழிந்தது. பார்வை மங்கிய கண்ணில் சும்மாவே நீர் வழியும், அதனால் அழுகிறாரா என்று சொல்ல முடியாது. ஆனால் அவன் அழுகை என்றே எடுத்துக்கொண்டான்.

"ஐயா" என்றான். "அது வந்துங்க ஐயா, அன்னைக்கு நான்..."

கதவு திறந்தது. அண்ணன் தம்பி இருவர், நடுவில் ஒரு சுவர் யாருடையது என்ற வழக்கு, பின்னால் இரண்டு வீட்டுப் பெண்களும். எல்லாரும் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டு உள்ளே வந்தார்கள். பிரசங்கியார் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர்கள் பக்கம் திரும்பினார். அவன் கடிதத்தை மடித்தான். சொல்லியிருக்க வேண்டும் என்று ஒரு பக்கமும், நல்லவேளை என்று ஒரு பக்கமும் இருந்தது. உள்ளதைச் சொன்னால், நல்லவேளைதான் கனமாக இருந்தது.

"வர்ற ஞாயித்துக்கிழமை அதையே பேசறேன்" என்றார் அவர், போகிறவனைப் பார்த்து. "இந்தத் தடவை ஞாபகத்தோட பேசறேன்."

அந்த ஞாயிற்றுக்கிழமை அவன் மனைவியை வரச் சொன்னான். "எதுக்கு?" என்றாள். "சும்மா வா" என்றான். வரமாட்டேன் என்று சொல்லக்கூட அலுத்துப்போய், பக்கத்து வீட்டு அக்காவோடு வந்து பெண்கள் பக்கம் கடைசித் தூணில் சாய்ந்து நின்றாள்.

அந்த வரி வந்தபோது பலகை அவன் கையில் இருந்தது. பிரசங்கியார் மெதுவாக, ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்தார். மடியில் கிடக்கும் பிள்ளையிடம் வர, என்று சொல்லும்போது அவர் குரல் உடைந்தது. பதினைந்து வருஷத்தில் முதல் தடவையாக அவன் காதில் அர்த்தம் விழுந்தது. கை நின்றுவிட்டது. பக்கத்தில் இடதுகைக்காரர், காலில் தட்டு வாங்காமலே, ஒரு சொல்கூடச் சிந்தாமல் எழுத ஆரம்பித்தார். எழுதிக்கொண்டே ஒருமுறை இவனைத் திரும்பிப் பார்த்தார். எல்லாம் புரிந்த பார்வை. பிறகு பலகைக்குத் திரும்பிக்கொண்டார். அதைப்பற்றி அவர் சாகும்வரை ஒன்றும் கேட்கவில்லை.

கூட்டம் இந்தத் தடவை கைதட்டவில்லை. பெண்கள் பக்கத்தில் ஒரு அழுகை கிளம்பி, இன்னொன்று கிளம்பி, பிறகு எல்லாம் ஒன்றாயிற்று. அந்த ஊரில் அத்தனை குழந்தைகள் போயிருந்தன என்பதே அன்றைக்குத்தான் தெரிந்தது.

படியெடுக்கிற வேலை முடிந்து அவன் வீட்டுக்குப் போனபோது வெயில் தாழ்ந்திருந்தது. தெருவிலேயே புகை வாசனை வந்தது. அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. அவள் தலைவாரி முடிந்திருந்தாள், நெற்றியோரம் ஈரம் இன்னும் காயவில்லை. தட்டில் ரொட்டி, அதில் பாதியை அவள் ஏற்கெனவே சாப்பிட்டிருந்தாள்.

"கேட்டீங்களா?" என்றாள்.

"கேட்டேன்." இந்தத் தடவை அது உண்மை.

"நான் சொன்னதேதான்! அன்னைக்கு இந்த நிலைக்கிட்ட நின்னுக்கிட்டு நான் உங்ககிட்ட என்ன சொன்னேனோ அதேதான்! தண்ணி தாமதமாகும், அவரு தாமதமாக மாட்டாரு. வார்த்தை மாறாமச் சொல்றாரு. அத்தனை படிச்சவரு, கடவுள்கிட்ட அத்தனை பேசறவரு. எனக்கு உடம்பெல்லாம் ஆடிப்போச்சு." சட்டென்று நிறுத்தி அவனை உற்றுப் பார்த்தாள். "நீங்க அவர்கிட்ட எதுவும் சொல்லலையே? நான் இப்படிச் சொன்னேன்னு?"

அவளுடைய உயிர் அந்தக் கேள்வியில் நின்றது என்று அவனுக்குத் தெரிந்தது. ஆமாம் என்றால் அது மறுபடி வாய்க்கு வந்த பேச்சாகிவிடும். படிக்காத ஒருத்தி, புருஷன் மண்டையைக் காப்பாற்றச் சொன்ன பேச்சு.

"ஒரு வார்த்தை சொல்லல" என்றான்.

"சத்தியமா?"

"சத்தியமா. அவர்கிட்ட நான் வாயே திறக்கல."

"அப்ப நிஜந்தான்" என்றாள் அவள். "ரெண்டு பேருக்கும் ஒரே மாதிரி தோணியிருக்கு. அப்ப நிஜம்தான். பிள்ளை உள்ளதான் இருக்கான்."

அவள் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள், சிரித்துக்கொண்டும் இருந்தாள். அவன் பக்கத்தில் உட்கார்ந்து முதுகைத் தடவினான். அவனுக்கு அழவேண்டும் என்று ஆசையாக இருந்தது, வரவில்லை. மலைப்பக்கத்து ஊரில் பத்தொன்பது தாய்மாருக்கு அந்த வரி போதும். கண் தெரியாத கிழவருக்குப் போதும். இவளுக்குப் போதும். அது எங்கிருந்து வந்தது என்று தெரிந்த ஒரே ஒருவன் அதில் சாய முடியாது. யாராவது அவனிடம் வந்து, புதிதாக, அவனுக்குத் தெரியாத ஒன்றைச் சொன்னால் தேவலை. யார் சொல்வார்கள்?

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து போய், மூலையில் கிடந்த ஓரம் உடைந்த பழைய பலகை ஒன்றை எடுத்து வந்தாள். மெழுகு மங்கிப்போயிருந்தது.

"இதுல அதை எழுதிக் குடுங்க. பிள்ளை துணியோட வச்சுக்கறேன். பெரிய எழுத்து வேணாம், நீங்க அங்க உக்காந்து எழுதற மாதிரியே, அந்தக் கொக்கி எழுத்துல. கீழ அவரு பேரையும் போடுங்க."

"உனக்குத்தான் எந்த எழுத்தும் தெரியாதே."

"தெரிஞ்சா என்ன, தெரியாட்டி என்ன? அவரு பேரு இருக்கணும்."

அவன் கட்டைவிரலை நீவிவிட்டுக்கொண்டு எழுத்தாணியை எடுத்தான். வரி பன்னிரண்டு குறியில் அடங்கிவிட்டது. அதன் கீழே எழுத்தாணி கொஞ்சநேரம் நின்றது. அந்தத் தெருவில் யாருக்கும் அந்தக் குறிகள் தெரியாது. ஊரிலேயே தெரிந்தவர் இன்னும் ஒருவர்தான், அவர் எதையும் கேட்கிற ஆள் இல்லை.

அவன் மனைவியின் பெயரை எழுதினான்.

"இதுல அவரு பேரு எது?" என்றாள் அவள், தோள் வழியாகக் குனிந்து.

அவன் காட்டினான். அவள் அந்த மூன்று கொக்கிகளின் மேல் விரலை மெல்ல வைத்தாள். பிறகு விரலை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள்.